டான் ஜுவான் (1926): கற்சிலை எங்கே போயிற்று?

இந்தப் படத்தைப் பற்றி மூன்று கேள்விகள் எழுகின்றன. வார்னர் பிரதர்ஸ் 1926-இல் எடுத்த 'டான் ஜுவான்' மௌனப்படத்தில், பழைய கதையின் கடைசியில் கற்சிலை வந்து நாயகனை நரகத்துக்கு இழுத்துப் போகும் காட்சியே இல்லை. அப்படியானால் அவன் செய்த வினைக்குக் கணக்கு எங்கே தீர்கிறது? யாருமே வாய் திறந்து பேசாத இந்தப் படத்தைப் பேசும்படத்தின் தொடக்கம் என்று ஏன் சொல்கிறார்கள்? எந்தப் பிரதியைப் பார்ப்பது?

முதல் கேள்விக்கான பதில்: கல் இந்தப் படத்திலும் இருக்கிறது. கடைசியில் வர வேண்டியது தொடக்கத்திலேயே வந்துவிடுகிறது. அதைக் கவனிக்காமல் விட்டால், மீதிப் படம் வெறும் வாள்சண்டைப் படமாகத்தான் தெரியும்.

மூலக்கதையிலிருந்து தொடங்குவோம். திர்சோ டி மொலினா பெயரில் 1630 வாக்கில் அச்சான ஸ்பானிய நாடகத்தில், டான் ஜுவான் தெனோரியோ பெண்களை ஏமாற்றிக்கொண்டே ஊர் ஊராகப் போகிறான். செத்தால் கடவுளுக்குப் பதில் சொல்ல வேண்டியிருக்கும் என்று யாராவது எச்சரித்தால், 'எவ்வளவு நீண்ட தவணை கொடுக்கிறீர்கள்!' என்கிறான். இந்த ஒரு வரி நாடகம் முழுக்கத் திரும்பத் திரும்ப வரும். கடனுக்குக் கெடு இன்னும் தூரத்தில் இருக்கிறது என்ற துணிச்சல். ஒரு பெண்ணின் தந்தையைக் கொன்றுவிட்டு, அவர் கல்லறைச் சிலையைக் கேலியாக விருந்துக்கு அழைக்கிறான். சிலை வருகிறது. பதில் விருந்துக்கு இவனை அழைத்து, கையைப் பிடிக்கிறது. நெருப்பு. பாவமன்னிப்புக்குப் பாதிரியாரைக் கூப்பிடுகிறான், நேரம் கடந்துவிட்டது. 1665-இல் மொலியேர் எழுதிய நாடகத்திலும், 1787 அக்டோபர் 29 அன்று பிராக் நகரில் அரங்கேறிய மொசார்ட்டின் ஓபராவிலும் இதே கல்தான் வருகிறது. ஓபராவில் 'மனம் திருந்து' என்று சிலை கேட்கக் கேட்க அவன் மாட்டேன் என்கிறான்.

இனி 1926 படம். திரைக்கதை பெஸ் மெரிடித், இயக்கம் ஆலன் கிராஸ்லண்ட், ஒளிப்பதிவு பைரன் ஹாஸ்கின். படம் நாயகனின் அப்பாவிடம் தொடங்குகிறது. ஸ்பெயினில் கோட்டை வைத்திருக்கும் டான் ஹோசேயிடம், மனைவி டோனா இசபெல்லுக்குக் கள்ளக்காதலன் இருப்பதைக் கூனன் ஒருவன் காட்டிக்கொடுக்கிறான். காதலன் சுவரில் உள்ள மாடத்துக்குள் ஒளிந்திருக்கிறான். ஹோசே கத்தவில்லை, கத்தியை உருவவில்லை. கொத்தனாரை வரவழைத்து, அந்த மாடத்தைக் கல் வைத்து அடைக்கச் சொல்கிறான். உள்ளே ஆள் இருப்பது மனைவிக்குத் தெரியும், அவளுக்குத் தெரியும் என்பது கணவனுக்கும் தெரியும். வாயைத் திறந்து காதலனைக் காப்பாற்றினால் குற்றத்தை ஒப்புக்கொண்டதாகும், திறக்காவிட்டால் கொலைக்கு உடந்தை. கல் ஒன்றன்மேல் ஒன்றாக ஏறுகிறது. வசனம் தேவைப்படாத காட்சி என்பதால்தான் மௌனப்படத்தில் இது இவ்வளவு வலுவாக நிற்கிறது என்பேன்.

பிறகு மனைவியை வெளியே துரத்துகிறான். சிறுவன் ஜுவான் இதைப் பார்த்து வளர்கிறான். அப்பா கேளிக்கையில் மூழ்கி, கடைசியில் டோனா எல்விரா என்ற பெண்ணின் கத்திக்குப் பலியாகிறார். சாகும்போது மகனுக்கு அவர் கொடுத்துப் போகும் பாடம்: பெண்கள் உயிரைத் தருவார்கள், ஏமாற்றத்தைத் தருவார்கள், சாவைத் தருவார்கள், அவர்களிடம் எடுத்துக்கொள், அன்பை மட்டும் கொடுக்காதே.

ஆக, மூலக்கதையில் தண்டனையாக வந்த கல், இங்கே காரணமாக வருகிறது. அப்பா கட்டிய சுவருக்குப் பின்னால்தான் மகன் வாழ்நாள் முழுக்க நிற்கிறான். அப்பாவையும் வளர்ந்த மகனையும் ஜான் பேரிமோர் ஒருவரே நடித்திருப்பது வெறும் இரட்டை வேட ஜாலமல்ல. பின்னால் ரோமில் ஜுவான் ஒரு பெண்ணைப் பார்த்துச் சிரிக்கும்போது, கொத்தனாருக்குக் கையசைத்த அதே முகம்தான் சிரிக்கிறது. முன்கதை நீளம் என்று தள்ளிவிட்டுப் பார்ப்பவர்கள் இழப்பது இதைத்தான்.

ஆங்கிலக் கவிஞர் பைரனின் நீள்கவிதையிலிருந்து எடுத்த கதை என்று பல பட்டியல்களில் பார்ப்பீர்கள். அப்பாவுக்கு ஹோசே என்ற பெயர் பைரனில் உண்டு. கணவன் தேடும்போது ஒளிந்துகொள்ளும் காதலனும் உண்டு. அதற்கு மேல் ஒற்றுமையைத் தேட வேண்டாம். 1819-இல் வெளிவரத் தொடங்கி, 1824-இல் பைரன் இறந்தபோது முடியாமல் நின்றுபோன அந்தக் கவிதையில் ஜுவான் யாரையும் வேட்டையாடுவதில்லை. பெண்கள்தான் அவனை இழுக்கிறார்கள். துரோகம் செய்வதும் அம்மா அல்ல, அப்பா.

உண்மையான துப்பு நாயகனின் குடும்பப் பெயரில் இருக்கிறது. படத்தில் அவன் தெனோரியோ அல்ல, டான் ஜுவான் டி மரானா. செவில் நகரில் 1627 முதல் 1679 வரை வாழ்ந்த மிகேல் மன்யாரா என்ற செல்வந்தரின் பெயர் திரிந்து வந்தது இது. மனைவி இறந்தபின் இவர் அறப்பணிச் சகோதரர் சபையில் சேர்ந்தார். தூக்கிலிடப்பட்டவர்களையும் நாதியற்றவர்களையும் அடக்கம் செய்வது அந்தச் சபையின் வேலை. ஏழைகளுக்கு மருத்துவமனை எழுப்பினார். உலகத்திலேயே மிகக் கெட்ட மனிதனின் எலும்பும் சாம்பலும் இங்கே கிடக்கின்றன என்று தன் கல்லறையில் எழுதச் சொன்னார். இந்தக் கடுமையான தன்னிரக்கமற்ற வாசகத்தை வைத்து, இளமையில் அவர் பெரிய பெண்பித்தராக இருந்திருக்க வேண்டும் என்று ஊர் கதை கட்டியது. நாடகம் அச்சேறியபோது அவர் சிறு குழந்தை. எனவே டான் ஜுவானுக்கு அவர் முன்மாதிரியாக இருந்திருக்கவே முடியாது. ஆனாலும் இரண்டு கதைகளும் கலந்துவிட்டன. 1834-இல் பிரெஞ்சு எழுத்தாளர் மெரிமே ஒரு குறுநாவலிலும், 1836-இல் அலெக்சாந்தர் டூமா ஒரு நாடகத்திலும் இந்த மரானாவை எடுத்துக்கொண்டார்கள்.

இதனால் டான் ஜுவான் கதைக்கு இரண்டு கிளைகள். தெனோரியோ கிளையில் அவன் எரிகிறான். மரானா கிளையில் திருந்துகிறான். வார்னர் படம் இரண்டாவது கிளை. பெயரைக் கேட்டதுமே, சிலை வராது என்று தெரிந்துகொள்ளலாம்.

ரோம் பகுதியில் போர்ஜியா குடும்பம் ஆள்கிறது. லுக்ரேசியாவாக எஸ்டல் டெய்லர், சேசரேயாக வார்னர் ஓலண்ட், அவர்களின் ஆள் டொனாட்டி பிரபுவாக மான்டேகு லவ். பீசா பல்கலைக்கழகத்தில் படித்துவிட்டு வரும் ஜுவான் ரோமில் மாளிகை அமைத்து, வேலைக்காரன் பெட்ரில்லோ வாசலைக் காக்க, தன் லீலைகளை நடத்துகிறான். (வரலாற்றில் பீசாவில் படித்தவர் சேசரே போர்ஜியாவேதான்.) இந்த இடம் முழுக்க நகைச்சுவை, கதவு திறப்பதும் மூடுவதும் ஒருத்தியை ஒளிப்பதும் இன்னொருத்தியை அனுப்புவதுமாக ஓடும். சிரித்துக்கொண்டே பார்க்கலாம். ஆனால் ரினால்டோ பிரபுவை மறந்துவிடாதீர்கள். நைஜல் டி ப்ரூலியர் நடித்த பாத்திரம். மனைவியாக ஹெட்டா ஹாப்பர். மனைவி ஜுவான் வலையில் விழுந்ததில் மனம் பேதலித்துப்போகும் கணவர் அவர். மற்றவர்களுக்கு விளையாட்டாக இருந்தது இவருக்கு வாழ்க்கை முடிந்த இடம்.

நாயகி அட்ரியானாவாக மேரி ஆஸ்டர் வருகிறார். இவருக்கும் பேரிமோருக்கும் இது முதல் படமல்ல. 1924-இல் 'போ ப்ரம்மல்' படத்தில் சேர்ந்து நடித்தவர்கள். அட்ரியானா இணங்க மறுக்கும்போதுதான் அப்பா கற்றுக்கொடுத்த பாடத்தில் விரிசல் விழுகிறது. அவள் தந்தைக்கு விஷம் வைக்கப் போர்ஜியாக்கள் போட்ட திட்டத்தை ஜுவான் கெடுக்கிறான். அவர்கள் அவள் உறவினர்மீது பாய்ந்து, டொனாட்டியை அவள் மணந்தால்தான் உயிர்ப்பிச்சை என்கிறார்கள். லுக்ரேசியா ஜுவானைத் தனக்குக் கேட்கிறாள். அவளை மணப்பதைவிடச் சாவது மேல் என்கிறான்.

நான் இந்தப் படத்தில் மிகவும் மதிப்பது இந்தத் திருப்பத்தைத்தான். இத்தனை வருடம் பெண்களை ஏமாற்றியதற்கு ரோம் அவனைத் தண்டிக்கவில்லை, கொண்டாடியது. முதன்முதலாக ஒருத்தியிடம் 'முடியாது' என்றதற்குத்தான் சிறையும் மரண தண்டனையும் வருகின்றன. பெண்பித்தன் என்ற பெயர் அவனுக்குப் பாதுகாப்பாக இருந்தது. அதைக் கழற்றியதும் வெறும் மனிதனாக அகப்பட்டுக்கொள்கிறான்.

திருமண இரவில் டொனாட்டியோடு நடக்கும் வாள்சண்டையும், படிக்கட்டின் மேலிருந்து ஜுவான் எதிராளிமீது பாயும் முடிவும் பரவலாகப் பேசப்பட்டவை. அவற்றை விளக்கத் தேவையில்லை. டைபர் நதிக்கரைச் சிறையிலிருந்து தப்பியபின் வரும் ஒரு சிறு பகுதியைத் தவறவிடாதீர்கள். விஷம் காய்ச்சும் ரசவாதி நேரியாக குஸ்டாவ் வான் செய்ஃபர்டிட்ஸ் நடித்திருக்கிறார். கூர்மையான, ஒட்டிய முகம். ஜுவான் அந்த நேரியாக வேடமிட வேண்டும். பேரிமோர் தாடையை இறக்கி, கன்னத்தை உள்ளிழுத்து, கண்ணைச் சுருக்கித் தன் முகத்தசையாலேயே இன்னொருவர் முகத்தைக் கொண்டுவருகிறார். 1920-இல் 'டாக்டர் ஜெக்கில் அண்ட் மிஸ்டர் ஹைட்' படத்தில் அவர் காட்டிய அதே வித்தை. 'டான் ஜுவான்' வந்தபோது அவருக்கு வயது 44. மேடையில் ஹாம்லெட்டாகப் பெயர் வாங்கியவர்.

முடிவில் துரத்தி வருபவர்களை வீழ்த்திவிட்டுக் காதலர்கள் குதிரையில் போய்விடுகிறார்கள். எனக்கு இது நிறைவு தரவில்லை. மரானா கிளையில் திருந்தியவன் மிச்ச வாழ்நாளைக் கொடுத்துக் கடனை அடைப்பான். இங்கே ஒரு சிறையும் ஒரு சண்டையும் போதும் என்று முடித்துவிட்டார்கள். ரினால்டோவுக்கு யாரும் பதில் சொல்லவில்லை. முன்கதையில் அவ்வளவு துணிவாக எழுதிய கை, கடைசிச் சுருளில் தளர்ந்துவிட்டது.

இனி இரண்டாவது கேள்வி. 1926 ஆகஸ்ட் 6 அன்று நியூயார்க் பிராட்வேயில் வார்னர்ஸ் தியேட்டரில் படம் வெளியானபோது, ஒரு மணி நேரம் வரை குறும்படங்கள் முதலில் ஓடின. திரைத்துறைத் தலைவர் வில் ஹேஸ் திரையில் தோன்றி, உதடசைவோடு பொருந்திய குரலில் பேசினார். நியூயார்க் ஃபில்ஹார்மோனிக்கின் 107 கலைஞர்கள் வாக்னரின் முகப்பிசையை வாசித்தார்கள். பாடகர் மார்டினெல்லியும் வயலின் கலைஞர் மிஷா எல்மனும் வந்தார்கள். எனவே அன்று இரவு திரை பேசத்தான் செய்தது, 'டான் ஜுவான்' மட்டும் பேசவில்லை. அதில் வில்லியம் ஆக்ஸ்ட்டும் டேவிட் மெண்டோசாவும் அமைத்த இசையும், மணியோசை, வாள் மோதல் போன்ற சில ஒலிகளும் மட்டுமே. வார்னர் சகோதரர்கள் முதலில் விரும்பியது பேச்சையல்ல. பெரிய நகரத்து அரங்கில் மட்டும் கிடைத்த இசைக்குழுவைச் சிற்றூர் தியேட்டருக்கும் கொண்டுபோவதை. முழுநீளப் படம் ஒன்று தனக்கென்று பதிவான இசையோடு வைட்டஃபோன் என்ற இசைத்தட்டு ஒலி முறையில் வந்தது இதுவே முதல். அடுத்த ஆண்டு, 1927 அக்டோபர் 6 அன்று வந்த 'தி ஜாஸ் சிங்கர்' படத்தையும் இதே கிராஸ்லண்ட்தான் இயக்கினார். சேசரேயாக நடித்த ஓலண்ட் அதில் நாயகனின் தந்தை.

வைட்டஃபோனில் ஒலி படச்சுருளில் இல்லை, தனி இசைத்தட்டில் இருந்தது. 35 மி.மீ. சுருளில் ஓர் அடிக்கு 16 சட்டகம், அதாவது 16 தனிப் படங்கள். நிமிடத்துக்கு 90 அடி ஓட்டினால் வினாடிக்கு 24 சட்டகம் ஆகிறது. 1,000 அடிச் சுருள் 11 நிமிடத்துக்குச் சற்று மேல் வரும். அன்றைய 78 சுற்று இசைத்தட்டு நாலைந்து நிமிடம்தான் தாங்கும். அதனால் 16 அங்குலத் தட்டைச் செய்து, சுழற்சியை நிமிடத்துக்கு 33⅓ ஆகக் குறைத்தார்கள். ஒரு சுருளுக்கு ஒரு தட்டு. ஊசி உள்வட்டத்திலிருந்து வெளிப்பக்கம் நகரும். உள்வட்டத்தில் பள்ளம் ஊசியின் கீழ் மெதுவாக ஓடுவதால் அங்கேதான் நுட்ப ஒலி கெடும். எனவே புதிய, கூர் மழுங்காத ஊசி அங்கே தொடங்குகிறது. வெளிவட்டத்துக்கு வரும்போது ஊசி தேய்ந்திருந்தாலும் வேகம் கூடியிருப்பதால் சமாளித்துவிடும். எஃகு ஊசி ஒரு தட்டுக்கு ஒன்று, பிறகு குப்பைக்கு. தட்டின் மேலொட்டில் கட்டங்கள் இருக்கும். ஒவ்வொரு முறை ஓட்டியதும் ஒரு கட்டத்தில் குறி போட வேண்டும். 20 முறை வரை ஆனால் தட்டு தேய்ந்தது என்று கணக்கு.

ஆபரேட்டர் சுருளின் தொடக்கக் குறியிட்ட சட்டகத்தைப் புரொஜெக்டரின் படவாசலில் நிறுத்தி, தட்டில் உள்ள அம்புக்குறியில் ஊசியை வைத்து, ஒரே மோட்டாரால் இரண்டையும் சேர்த்துக் கிளப்புவார். இதில் கெடக்கூடியவை முக்கியமாக மூன்று. தட்டை மாற்றி வைத்துவிடலாம். படம் அறுந்து 12 சட்டகம் வீணானால், அந்த இடத்திலிருந்து படம் அரை வினாடி முந்திவிடும். அதனால் எத்தனை சட்டகம் போனதோ அத்தனை கறுப்புச் சட்டகத்தை ஒட்டிச் சேர்க்க வேண்டும். ஊசி ஒரு பள்ளம் தாவினால் ஒரு முழுச் சுற்று, அதாவது 1.8 வினாடி, ஒலி இடம் மாறிவிடும். அடுத்த சுருள் தொடங்கும்வரை திருத்த வழியில்லை. பேச்சு இல்லாத படத்தில் அரை வினாடிப் பிசகை யாரும் கவனிக்கமாட்டார்கள். வாளோசையிலும் மணியோசையிலும் மட்டும் காட்டிக்கொடுக்கும்.

மூன்றாவது, பிரதி. அமெரிக்காவில் 2022 ஜனவரி 1 முதல் இந்தப் படத்தின் பதிப்புரிமை முடிந்துவிட்டது. அதனால் இணையத்தில் பலவிதப் பிரதிகள் கிடைக்கும். வார்னர் ஆர்க்கைவ் வெளியிட்ட டிவிடியில் அசல் வைட்டஃபோன் இசை இருக்கிறது. வேறு பிரதி என்றால் நான்கைச் சோதியுங்கள்.

இசை: தனிப் பியானோவோ கணினி இசையோ கேட்டால் அது பின்னால் ஒட்டியது, ஒதுக்குங்கள். மற்ற மௌனப்படங்களுக்கு இசை யாருடையதாகவும் இருக்கலாம், இந்தப் படத்துக்கு இசை படத்தின் பாதி உடம்பு.

நேரம்: சுமார் 112 நிமிடம் இருக்க வேண்டும். 107, 108 நிமிடம் காட்டினால் காட்சி வெட்டப்பட்டது என்று முடிவுகட்டாதீர்கள்; வினாடிக்கு 25 சட்டக வேகத்துக்கு மாற்றிய பிரதியாக இருக்கலாம். அதில் சுருதி அரைச்சுரத்தில் முக்கால் பங்கு ஏறியிருக்கும், வயலின்கள் கீச்சிடும். பிளேயரில் வேகத்தை 0.96 ஆக்கி, வேகம் மாறினாலும் சுருதியை மாறாமல் வைக்கும் அமைப்பை அணைத்தால் இரண்டும் சரியாகும். பழைய படம் என்பதால் இன்னும் மெதுவாக ஓட்ட வேண்டும் என்று நினைத்து 18, 20 சட்டகத்துக்கு இறக்குபவர்களும் உண்டு. இந்தப் படத்தின் வேகத்தைத் தட்டு கட்டிப்போட்டிருக்கிறது, 24-ஐத் தொடாதீர்கள்.

சட்டகம்: அகலம் உயரத்தைப்போல 1.33 மடங்கு. பிற்காலத்தில் ஒலிக்கோட்டைப் படச்சுருளின் ஓரத்திலேயே அச்சிட்ட பிரதிகளில் இடப்பக்கம் ஒரு பட்டை வெட்டுப்பட்டுவிடும். வசன அட்டைகளைப் பாருங்கள்: எழுத்து நடுவில் நில்லாமல் இடது விளிம்பை ஒட்டிக்கொண்டிருந்தால் அந்தப் பிரதி வெட்டுப்பட்டது. சுவர் எழும் காட்சியில் ஓரத்தில் நிற்பவர்களின் முகம் முக்கியம் என்பதால் இது சின்னக் குறை அல்ல.

பொருத்தம்: டொனாட்டியுடனான சண்டையில் வாள்கள் மோதும் இடத்தில் ஒலி ஒத்துப்போகிறதா என்று அரை நிமிடம் பாருங்கள். சண்டை முழுக்க ஒரே அளவு விலகியிருந்தால் பிளேயரில் ஒலித் தாமதத்தை மாற்றிக்கொள்ளலாம். சுருளுக்குச் சுருள் விலகல் மாறினால் அந்தப் பிரதியை விட்டுவிட்டு வேறு தேடுவதே நல்லது.

தொலைக்காட்சியில் பார்ப்பதானால், அசைவை வழுவழுப்பாக்கும் அமைப்பை அணைத்துவிடுங்கள். பேரிமோர் நேரியாக மாறும் அந்தச் சில வினாடிகளில் முகத்தசையின் நடுக்கத்தை அது அழித்துவிடும்.